கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நாகர்கோவில் மணிமேடை சந்திப்பில் ஒரு சிலை இருக்கிறது. அந்த வழியாகப் போகாத நாகர்கோவில்காரர் இருக்க முடியாது. சிலையில் இருப்பவர் யார் என்று பிள்ளைகளைக் கேட்டால், "பழைய காமெடி நடிகர்" என்பார்கள். தப்பில்லை. ஆனால் அதோடு நிறுத்திவிட்டால் அவருக்கு நாம் செய்யும் அநியாயம் பெரிது. என்.எஸ்.கிருஷ்ணன் நடித்தார், பாடினார், தன் நகைச்சுவைப் பகுதிகளைத் தானே உருவாக்கினார், நாடக சபை வைத்திருந்தார், படம் தயாரித்தார், படம் இயக்கினார், வில்லுப்பாட்டும் பாடினார். இத்தனையையும் ஒருவர் எப்படிச் செய்தார் என்பதைப் பற்றி மாணவர்களும் நண்பர்களும் கேட்கிற கேள்விகளையும் என் பதில்களையும் இங்கே சேர்த்திருக்கிறேன்.

என்.எஸ்.கே. எப்போது, எங்கே பிறந்தார்?

1908 நவம்பர் 29 அன்று, நாகர்கோவில் ஒழுகினசேரியில். அப்பா சுடலைமுத்துப் பிள்ளை, அம்மா இசக்கியம்மாள். பெயரில் உள்ள 'என்' நாகர்கோவில், 'எஸ்' சுடலைமுத்து. அப்போது இந்தப் பகுதி திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. கன்னியாகுமரி மாவட்டம் தமிழ்நாட்டோடு இணைந்தது 1956 நவம்பர் 1-ஆம் தேதி. அதற்குப் பத்து மாதம் கழித்து, 1957 ஆகஸ்ட் 30 அன்று, 48 வயதில் அவர் காலமானார். அதாவது சென்னை அவரைத் தன் பிள்ளையாகக் கொண்டாடிய காலத்தில், அந்தக் கடைசிப் பத்து மாதம் தவிர, அவருடைய சொந்த ஊர் தமிழ்நாட்டுக்கு வெளியேதான் இருந்தது.

வசதியான குடும்பமா?

இல்லை. வறுமைதான். படிப்பு தொடக்கப் பள்ளியோடு நின்றது. மளிகைக் கடையில் வேலை செய்தார், டென்னிஸ் மட்டைக்கு நரம்பு பின்னினார், நாடகக் கொட்டகையில் சோடாவும் தின்பண்டமும் விற்றார். கொட்டகைக்குள் முதலில் நுழைந்தது விற்பனைக்காரப் பையனாகத்தான்.

அப்புறம் 1920-களில் டி.கே.எஸ். சகோதரர்களின் பால சண்முகானந்த சபாவில் சேர்ந்தார். அந்தக் காலத்து பாய்ஸ் கம்பெனி, அதாவது சிறுவர்களை வைத்து நடத்தும் நாடகக் குழு என்றால் நடிப்பு மட்டும் கிடையாது. பாட்டு, தாளம், வேடம் போடுவது, ஒருத்தர் வராவிட்டால் அவருடைய பாடத்தையும் சேர்த்துச் சொல்வது என்று எல்லாம் பழக வேண்டும். என்.எஸ்.கே.யின் பன்முகத் திறமை எங்கிருந்து வந்தது என்று கேட்பவர்களுக்கு முதல் பாதி பதில் இது. இரண்டாம் பாதியை வில்லுப்பாட்டைப் பற்றிய கேள்வியில் சொல்கிறேன்.

முதல் படம் 'சதி லீலாவதி'யா, 'மேனகா'வா?

இதில் எப்போதும் ஒரு சண்டை நடக்கும். 'மேனகா' 1935-இல் வெளிவந்தது. ராஜா சாண்டோ இயக்கியது, டி.கே.எஸ். குழுவினர் நடித்தது. எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி' 1936-இல் வந்தது. எம்.ஜி.ஆரின் முதல் படமும் அதுதான். திரைக்கு வந்த வரிசையில் 'மேனகா'வே முந்தியது.

அந்தக் காலத்தில் 'தனி காமெடி டிராக்' என்கிறார்களே, அது என்ன?

இதைப் புரிந்துகொண்டால் அவர் ஏன் வெறும் நடிகர் இல்லை என்பது புரிந்துவிடும்.

1930-களிலும் 40-களிலும் தமிழ்ப் படம் என்றால் பெரும்பாலும் புராணம், இல்லாவிட்டால் ராஜா ராணி கதை. பாட்டு நிறைய இருக்கும், படமும் நீளம். நடுநடுவே ஜனங்கள் சிரிக்க ஒரு பகுதி வேண்டும். தயாரிப்பாளர்கள் என்.எஸ்.கே.யிடம் வருவார்கள். அந்தப் பகுதிக்குக் கதை யோசிப்பது, வசனம், பாட்டுக்கு விஷயம், யார் யார் நடிப்பது என்று பெரும்பாலும் அவரே முடிவு செய்வார். அவருக்கென்று ஒரு செட் இருந்தது. மனைவி டி.ஏ.மதுரம், டி.எஸ்.துரைராஜ், புளிமூட்டை ராமசாமி, காகா ராதாகிருஷ்ணன் போன்றவர்கள் அவரோடு தொடர்ந்து நடித்தார்கள். முக்கியக் கதை ஒருபுறம் நகர, இந்தச் செட்டின் கதை இன்னொருபுறம் தனியாகப் போகும்.

இன்றைக்கு உட்கார்ந்து பார்த்தால் சில படங்களில் இரண்டும் ஒட்டாமல் நிற்பது தெரியும். அந்தக் குறையை நான் மறைக்க விரும்பவில்லை. ஆனால் அந்தப் பத்து, பதினைந்து நிமிடத்துக்குள் அவர் ஒரு முழு இயக்குநரின் வேலையைச் செய்துகொண்டிருந்தார். 'அம்பிகாபதி' (1937), 'திருநீலகண்டர்' (1939), 'சகுந்தலை' (1940), 'ஆரியமாலா' (1941), 'கண்ணகி' (1942), 'சிவகவி' (1943), 'ஹரிதாஸ்' (1944) என்று வரிசையாக வந்தவை எல்லாம் அவருக்குப் பயிற்சிக் களம். இயக்குநர் நாற்காலியில் அவர் உட்கார்ந்தது 1951-இல்தான், ஆனால் வேலையைத் தொடங்கி அதற்குள் பதினைந்து வருஷம் ஆகியிருந்தது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். யாரையும் அடித்து, உடல் குறையைக் கிண்டல் செய்து சிரிக்க வைப்பது எளிது. அவர் சாதி, மூடநம்பிக்கை, குடி, போலிச் சாமியார் என்று விஷயத்தை எடுத்துக்கொண்டார். புராணப் படத்துக்கு நடுவிலேயே அதைச் செய்தார் என்பது எனக்கு இன்றும் ஆச்சரியம்.

டி.ஏ.மதுரம் யார்?

ஸ்ரீரங்கத்துக்காரர். 1936-இல் வந்த 'வசந்தசேனா' படத்துக்காகக் குழு புனேக்குப் போனபோது இருவரும் பழகினார்கள், திருமணம் செய்துகொண்டார்கள். அதன்பிறகு திரையில் இருபது ஆண்டு ஜோடி. மதுரத்தை 'என்.எஸ்.கே.யின் ஜோடி' என்று மட்டும் எழுதுகிறவர்களிடம் எனக்குக் கோபம் உண்டு. அந்த நகைச்சுவையில் பாதி, மதுரம் திருப்பிக் கேட்கும் கேள்வியில்தான் இருக்கிறது. பெண் கேட்டுக்கொண்டே நிற்காமல் மடக்கிப் பேசுவதை அந்தக் காலத்துத் திரையில் ஜனங்கள் ரசித்தது அவரால்தான். கணவர் சிறையில் இருந்தபோது நாடக சபையைக் கலைய விடாமல் தாங்கியவரும் அவரே.

வில்லுப்பாட்டுக்கும் அவருக்கும் என்ன தொடர்பு?

நம் மாவட்டத்துக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டாம், வெளியூர் வாசகர்களுக்காகச் சொல்கிறேன். நாஞ்சில் நாட்டிலும் திருநெல்வேலிப் பக்கத்திலும் சுடலைமாடன், இசக்கியம்மன், முத்தாரம்மன் கோயில்களில் கொடை என்னும் திருவிழா நடக்கும்போது வில்லுப்பாட்டு பாடுவார்கள். மணி கட்டிய பெரிய வில், அதைத் தட்ட வீசுகோல், பக்கத்தில் மண்குடம், உடுக்கை, தாளம். நடுவில் இருக்கும் புலவர் கதை சொல்வார். பின்பாட்டுக்காரர்கள் "ஆமா" போடுவார்கள், சந்தேகம் கேட்பார்கள், கதையை விட்டு விலகி ஊர் விஷயம் ஒன்றை நுழைப்பார்கள், சனம் சிரிக்கும், புலவர் மறுபடியும் கதைக்குள் வருவார்.

அவருடைய பெற்றோர் பெயர்களைப் பாருங்கள். சுடலைமுத்து, இசக்கி. கொடையில் யாருக்காக வில் கட்டப்படுகிறதோ அந்தத் தெய்வங்களின் பெயர்கள். அந்தப் பாட்டு காதில் விழாமல் ஒழுகினசேரியில் ஒரு பையன் வளர்ந்திருக்க வழியே இல்லை.

என் வாதம் இதுதான்: என்.எஸ்.கே. செய்த வேலைகள் பல, ஆனால் அத்தனைக்கும் வேர் ஒன்று. கூட்டத்துக்கு முன்னால் உட்கார்ந்து, ஒரு கதையைச் சொல்லி, நடுவில் நிறுத்தி, கேள்வி கேட்டு, இன்றைய நடப்பை இழுத்துப் பேசுவது. அவரும் மதுரமும் பேசும் காட்சிகளை இந்தக் கண்ணோடு பாருங்கள். ஒருவர் புலவர், மற்றவர் பின்பாட்டு. 'சக்கரவர்த்தி திருமகள்' (1957) படத்தில் சீர்காழி கோவிந்தராஜனின் குரலும் அவருடைய குரலும் மாறி மாறி வரும் கேள்வி பதில் பாட்டிலும் இதே அமைப்புதான்.

சினிமாவுக்கு வெளியேயும் அவர் வில்லை எடுத்தார். காந்தியின் கதையை வில்லுப்பாட்டாகப் பாடினார். கோயில் கொடையில் இருந்த கலையை நகரத்து மேடையில், தெய்வக் கதை இல்லாத விஷயத்துக்கு உட்கார வைத்தது சின்னக் காரியம் இல்லை. திருநெல்வேலிச் சீமையிலிருந்து சுப்பு ஆறுமுகத்தைச் சென்னைக்கு அழைத்துப் போனவரும் அவர்தான். பிறகு வில்லுப்பாட்டு என்றாலே சுப்பு ஆறுமுகம் என்று ஆனது. 2021-இல் அவருக்குப் பத்மஸ்ரீ கிடைத்தது.

'கிந்தனார்' என்பது என்ன?

1949-இல் வந்த 'நல்லதம்பி' படத்தில் வரும் கதாகாலட்சேபம், அதாவது பாட்டும் பேச்சுமாகக் கதை சொல்வது. நந்தனார் சரித்திரத்தை எல்லோரும் பக்தியோடு கேட்ட காலம். நந்தன் சிதம்பரம் போகத் தவித்தான். இங்கே கிந்தன் என்ற ஒடுக்கப்பட்ட பையன் படிக்கப் போகத் தவிக்கிறான். ரயில் ஏறிப் பட்டணம் போகிறான், படித்துக் கல்வி அதிகாரியாகத் திரும்பி வருகிறான். காலட்சேபத்தின் மெட்டு, பாகவதரின் பாவனை, எல்லாம் அப்படியே இருக்கும். போகிற இடம் மட்டும் கோயிலிலிருந்து பள்ளிக்கூடமாக மாறியிருக்கும். எழுதியவர் உடுமலை நாராயண கவி. என்.எஸ்.கே.க்கு அவர் எழுதிய பாட்டுகள் ஏராளம்.

வைக்கம் போராட்டம், சுசீந்திரம் கோயில் நுழைவுப் போராட்டம் எல்லாம் நடந்த மண் திருவிதாங்கூர். அங்கிருந்து போன ஒருவர் இந்தக் கதையைச் சிரிப்போடு சொன்னார் என்பதை நினைத்துப் பார்த்தால் அதன் கனம் தெரியும். என்னைக் கேட்டால் அவருடைய எல்லாப் படைப்பிலும் உச்சம் இதுதான்.

கொலை வழக்கில் சிறைக்குப் போனார் என்பது உண்மையா?

சிறைக்குப் போனது உண்மை. கடைசியில் விடுதலையானார் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

'சினிமா தூது', 'இந்து நேசன்' ஆகிய பத்திரிகைகளில் நடிகர்களைப் பற்றி அவதூறாக எழுதிவந்த லட்சுமிகாந்தன், 1944 நவம்பர் 8 அன்று சென்னை வேப்பேரியில் கத்தியால் குத்தப்பட்டு, மறுநாள் இறந்தார். டிசம்பரில் எம்.கே.தியாகராஜ பாகவதரும் என்.எஸ்.கே.யும் கைதானார்கள். ஜூரர்களில் பெரும்பான்மையோர் குற்றவாளி என்று சொல்ல, 1945 மே மாதம் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. வழக்கு அன்றைய உச்ச மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், மறுபடியும் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்து, 1947 ஏப்ரலில் இருவரும் விடுதலையானார்கள்.

1944 தீபாவளிக்கு வெளியான 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. அந்த நாட்களில் பெரும்பகுதி அதன் நாயகனும் நகைச்சுவை நடிகரும் சிறையில் இருந்தார்கள்.

சிறைக்குப் பிறகு பாகவதர் எழ முடியவில்லை. இவர் எப்படி மறுபடியும் வந்தார்?

பாகவதரின் புகழ் அவருடைய குரலையும் நாயக வேடத்தையும் சார்ந்தது. அந்த மாதிரிப் படங்களுக்கே காலம் முடிந்துகொண்டிருந்தது. என்.எஸ்.கே.க்குப் பின்னால் ஒரு குழு இருந்தது. அவர் உள்ளே இருந்தபோது எஸ்.வி.சகஸ்ரநாமமும் மதுரமும் நாடக சபையை நடத்தினார்கள். சபா நாடகமான 'பைத்தியக்காரன்' படமாக எடுக்கப்பட்டது. விதவை மறுமணத்தைப் பேசும் கதை, கிருஷ்ணன் பஞ்சு இயக்கம், எம்.ஜி.ஆரும் நடித்தார். படம் முடிவதற்குள் என்.எஸ்.கே. வெளியே வந்துவிட, அவருக்காகக் காட்சிகள் சேர்க்கப்பட்டன. சிறைவாசத்தையே பாட்டாக்கிப் பாடினார்! 1947-இலேயே படம் வந்தது.

அடுத்த ஆண்டு ஜெமினியின் 'சந்திரலேகா'. அது பல வருஷமாகத் தயாரிப்பில் இருந்த படம். இவர் விடுதலையானதும் ஜெமினி அதிபர் வாசன் இவரையும் மதுரத்தையும் அதில் சேர்த்துக்கொண்டார்.

அவர் இயக்கிய படங்கள் எவை?

'மணமகள்' (1951), 'பணம்' (1952). எண்ணிக்கை குறைவு என்று தோன்றலாம். யாரையெல்லாம் சேர்த்து எடுத்தார் என்று பாருங்கள்.

'மணமகள்' மலையாள எழுத்தாளர் முன்ஷி பரமு பிள்ளையின் கதையை ஒட்டியது. திருவிதாங்கூர்க்காரர் என்பதால் அந்தப் பக்கத்து நாடகங்களும் கதைகளும் இவருக்கு அந்நியமில்லை. வசனம் மு.கருணாநிதி. அதுவரை பெரும்பாலும் நடனத்துக்காகவே அழைக்கப்பட்ட பத்மினிக்கு நாயகி வேடம். இசை சி.ஆர்.சுப்பராமன். பாரதியின் 'சின்னஞ்சிறு கிளியே' எம்.எல்.வசந்தகுமாரி, வி.என்.சுந்தரம் குரல்களில் ராகமாலிகையாக வந்ததும் இந்தப் படத்தில்தான். இன்று கச்சேரிகளில் அந்தப் பாட்டைக் கேட்டு உருகுகிறவர்களில் எத்தனை பேருக்கு, அது நாகர்கோவில்காரர் இயக்கிய படத்துப் பாட்டு என்று தெரியும்?

'பணம்' வரதட்சணையைப் பற்றியது. 'பராசக்தி' வந்து இரண்டு மாதம் கழித்து, 1952 டிசம்பர் கடைசியில் வெளியானது. அதாவது சிவாஜிக்கு இரண்டாவது படம். வசனம் இதற்கும் கருணாநிதிதான். தயாரிப்பு கண்ணதாசனின் அண்ணன் ஏ.எல்.சீனிவாசன். அந்த ஆண்டு சுப்பராமன் திடீரென்று இறந்துவிட, அவரிடம் உதவியாளர்களாக இருந்த விஸ்வநாதனும் ராமமூர்த்தியும் சேர்ந்து இசையமைத்த படம் இது. இருவர் பெயரையும் இணைத்துப் போடலாம் என்று யோசனை சொன்னவர் என்.எஸ்.கே. என்பது இசையுலகில் எல்லோரும் சொல்லும் செய்தி. தமிழ்த் திரையிசையின் அடுத்த பதினைந்து ஆண்டுகளை நினைத்தால் அந்த ஒரு முடிவின் பெறுமதி புரியும்.

'எங்கே தேடுவேன்' பாட்டை அவரே பாடினார். 'தீனா மூனா கானா' என்று தொடங்கும் பாட்டும் இந்தப் படத்தில் உண்டு. தி.மு.க.வைத்தான் சொல்கிறார் என்று ஜனங்களுக்குத் தெரியும். பாட்டிலோ அது 'திருக்குறள் முன்னணிக் கழகம்' என்று விரியும். தணிக்கைக்காரர்கள் திருக்குறளை எப்படி வெட்டுவார்கள்?

இயக்குநராக அவர் கேமரா வித்தை காட்டியவர் இல்லை. மேடையின் பழக்கம் ஃபிரேமில் தெரியும். ஆட்களைத் தேர்ந்தெடுப்பதிலும், எழுத்துக்கு மரியாதை கொடுப்பதிலும், சொல்ல வேண்டிய விஷயத்தை மறக்காமல் இருப்பதிலும்தான் அவருடைய பலம்.

தயாரிப்பாளராக?

'நல்லதம்பி'தான் முக்கியம். வசனம் எழுதியவர் அண்ணா. மதுவிலக்கு, கல்வி, சமத்துவம் என்று படம் முழுக்கப் பிரச்சாரம்தான், ஆனால் சலிக்காத பிரச்சாரம்.

'கலைவாணர்' பட்டம் யார் கொடுத்தது?

1947-இல், விடுதலையான பிறகு சென்னையில் நடந்த பாராட்டு விழாவில் நாடக ஆசிரியர் பம்மல் சம்பந்த முதலியார் வழங்கியது.

அவர் காந்தியவாதியா, திராவிட இயக்கத்தவரா?

இரண்டு பக்கமும் அவரைத் தங்களவர் என்கிறார்கள், இரண்டும் சரிதான். காந்தி மறைந்த பிறகு நாகர்கோவிலில் தன் சொந்தச் செலவில் நினைவுத் தூண் எழுப்பினார். அதே சமயம் பெரியார், அண்ணா ஆகியோரின் பகுத்தறிவுக் கருத்துகளைத் தன் காட்சிகளில் கொண்டுவந்தார். தீண்டாமை, குடி ஆகியவற்றில் இரண்டு வழியும் ஒரே இடத்துக்குத்தான் வந்து சேர்கின்றன. சென்னை தியாகராய நகரில் அவருடைய சிலையை 1969 ஜனவரியில் திறந்துவைத்தவர் முதலமைச்சர் அண்ணா. அடுத்த மாதமே அண்ணாவும் மறைந்தார்.

கடைசிக் காலத்தில் நடித்துக்கொண்டிருந்தாரா?

ஆமாம். 'முதல் தேதி' (1955) படத்தில், மாதச் சம்பளக்காரன் பாடு இருபதாம் தேதிக்குப் பிறகு என்ன ஆகிறது என்று அவர் பாடும் பாட்டு இன்றைக்கும் பழசாகவில்லை. 'மதுரை வீரன்', சிரிப்பைப் பற்றியே பாடும் 'ராஜா ராணி' இரண்டும் 1956. சிவாஜி நடித்த 'அம்பிகாபதி' அவர் இறந்த பிறகு, 1957 அக்டோபரில் வந்தது. 1937 'அம்பிகாபதி'யிலும் இவர் உண்டு. ஒரே கதையின் இரண்டு காலத்துப் படத்திலும் அவரைப் பார்க்கலாம். கையில் இருந்ததை எல்லாம் கேட்டவர்களுக்குக் கொடுத்தவர் என்பதால், சம்பாதித்த அளவுக்குச் சேர்த்துவைக்கவில்லை.

குமரி மாவட்டத்திலிருந்து படம் எடுத்தவர் இவர் ஒருவர்தானா?

இவருக்கும் முன்னால் ஒருவர் இருக்கிறார், ஜே.சி.டேனியல். அகஸ்தீஸ்வரத்துக்காரர். மௌனப்படக் காலத்திலேயே சொத்தை விற்று, திருவனந்தபுரத்தில் ஸ்டுடியோ அமைத்து, 'விகதகுமாரன்' எடுத்தார். கதை, இயக்கம், தயாரிப்பு, ஒளிப்பதிவு, நடிப்பு எல்லாம் அவரே. நாயகி பி.கே.ரோசி தலித் பெண். அவர் நாயர் பெண் வேடம் போட்டதைப் பொறுக்காமல் கலவரம் செய்து ஊரைவிட்டே விரட்டினார்கள். டேனியல் பணத்தை எல்லாம் இழந்து பிறகு பல் மருத்துவரானார், 1975-இல் இறந்தார். தமிழர் என்றே ஒதுக்கி வைக்கப்பட்டவரை மலையாள சினிமாவின் தந்தை என்று கேரளம் பிறகு ஏற்றுக்கொண்டது. 1992 முதல் அவர் பெயரில் விருதும் கொடுக்கிறது. அவருக்கென்று தனியாக ஒரு கேள்வி பதில் பக்கமே எழுத வேண்டும்.

நாகர்கோவிலுக்கு வந்தால் என்ன பார்க்கலாம்?

மணிமேடைச் சிலை, அவர் எழுப்பிய காந்தி நினைவுத் தூண். ஒழுகினசேரியில் அவர் கட்டிய வீட்டுக்கு 'மதுர பவனம்' என்று பெயர். முடிந்தால் கொடைக் காலத்தில் வாருங்கள். தோவாளைப் பக்கமோ அகஸ்தீஸ்வரம் பக்கமோ ஒரு கோயிலில் வில்லுப்பாட்டு கேட்டுவிட்டு அன்றைக்கே 'நல்லதம்பி' பார்த்தால், நான் மேலே சொன்ன தொடர்பு உங்களுக்கே பிடிபடும்.

எந்தப் படத்தில் தொடங்குவது?

முதலில் 'நல்லதம்பி'. முழுப்படம் பார்க்கப் பொறுமை இல்லாவிட்டால் கிந்தனார் பகுதியையாவது பாருங்கள், இணையத்தில் கிடைக்கிறது. அடுத்து 'பணம்', இயக்குநராக அவரைப் புரிந்துகொள்ள அது போதும். பிறகு 'சந்திரலேகா', பெரிய படத்துக்குள் இந்த ஜோடி எப்படித் தனக்கு இடம் பிடித்தது என்று பார்க்கலாம். 1940-களுக்கு முந்தைய படங்களைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். ஒலி தெளிவாக இருக்காது, பாட்டுகள் நீளம். வீட்டில் வயதானவர்கள் இருந்தால் அவர்களோடு உட்கார்ந்து பாருங்கள். பாதிக் கிண்டலுக்கு அந்தக் காலத்து நடப்பு தெரிந்திருக்க வேண்டும், கேட்டால் அவர்கள் சொல்வார்கள்.